பின்சீட்டின் இடது பக்கம்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுவது. நான் நலம். நீயும் மாப்பிள்ளையும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். அம்மாவும் நலம் என்று வழக்கம்போல அடுத்த வரியை எழுதிவிட்டுப் போக இந்த முறை கை வரவில்லை, அம்மா எப்படி இருக்கிறாள் என்பதைக் கடைசியில் சொல்கிறேன், அதற்கு முன்னால் சொல்ல வேண்டியது நிறைய இருக்கிறது. இந்தக் கடிதத்தை மூன்றாவது தடவையாக எழுதுகிறேன். முதலாவதில் கோபம் அதிகமாகிவிட்டது என்று கிழித்தேன். இரண்டாவதில் கோபமே இல்லை, வானிலை அறிக்கை மாதிரி இருந்தது, அதையும் கிழித்தேன். இதைப் போனில் சொல்லக்கூடாதா என்று கேட்பாய். போனில் நீ பேசுகிற வேகத்துக்கு நடுவில் என்னால் "சரிம்மா" என்ற ஒன்றைத்தான் செருக முடிகிறது, அந்தச் சரிம்மாவால்தான் இத்தனையும் வந்தது. ஆகவே எழுதுகிறேன். எனக்கு உன்மேல் கோபம். நீ பிறந்து முப்பத்தொரு வருடத்தில் இந்த வாக்கியத்தை முதல் தடவையாக எழுதுகிறேன், எழுதிவிட்டு எழுந்து போய் ஒரு டம்ளர் தண்ணீர் குடித்துவிட்டு வந்து உட்கார்ந்திருக்கிறேன். வாக்கியம் அப்படியேதான் இருக்கிறது, அடிக்கப் போவதில்லை.

வரிசையாகச் சொல்கிறேன். கல்லூரிச் சோதனைக்கூடத்தில் முப்பத்தைந்து வருடம் பிள்ளைகளின் செய்முறை நோட்டைத் திருத்தியவனுக்கு வரிசை தப்பினால் எதுவும் ஓடாது. அம்மாவுக்குப் பக்கவாதம் வந்து ஏழு மாதம் ஆகிறது. திங்கள், புதன், வெள்ளி மூன்று நாளும் காலையில் காரில் பயிற்சிக்குக் கூட்டிப்போகிறேன், அந்த இடத்தை அங்கிருந்தபடியே தேடிப் பிடித்துக் கொடுத்தவள் நீ, அதில் நான் ஒரு குறையும் சொல்ல மாட்டேன். வலது கை தோள் உயரத்துக்குக் கிட்டத்தட்ட எழும்பத் தொடங்கியிருந்தது. போன மாதம் ஒரு புதன்கிழமை திரும்பி வரும்போது ரயில்வே கேட்டில் மாட்டிக்கொண்டோம், சரக்கு ரயில் ஒன்று பாதி வழியில் நின்றுவிட்டது, முன்னால் லாரி, பின்னால் பஸ். அம்மா ஒரு தடவை, பாத்ரூம் போகணும் என்று சொன்னாள். பத்து நிமிடம் கழித்துக் குரலைத் தாழ்த்தி, "ஏங்க, முடியல" என்று இன்னொரு தடவை சொன்னாள். பக்கத்திலேயே ஒரு டயர் கடை இருந்தது. இறங்கிப் போய்க் கேட்டிருக்கலாம். தெரியாத கடையில் போய் இதை எப்படிக் கேட்பது, அதற்குள் கேட் திறந்துவிட்டால் பின்னால் இருக்கிறவர்கள் திட்டுவார்களே என்று நான் யோசித்துக்கொண்டிருக்கும்போதே சீட்டிலேயே எல்லாம் முடிந்துவிட்டது. கண்ணாடியில் பார்த்தேன், அவள் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பியிருந்தாள். வீட்டு வாசலில் இறங்கியதும் என்னை முன்னால் ஏறிப் போகச் சொன்னாள். பத்தொன்பது படியை அவளால் தனியாக ஏற முடியாது என்று இருவருக்கும் தெரியும், ஆனாலும் நான் ஏறி, படி திரும்புகிற இடத்தில் நின்று, அவள் உடையைச் சரிசெய்துகொள்ளும் வரைக்கும் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதைப் பற்றி நாங்கள் ஒரு வார்த்தை பேசவில்லை. பேசாமலே முடிந்துபோயிருக்க வேண்டிய விஷயம் அது.

அதை முடியவிடாமல் செய்தவன் நான். மறுநாள் பால்கனிக் கதவைச் சாத்திக்கொண்டு உனக்குப் போன் செய்து சொன்னேன். யாரிடமாவது சொன்னால் தேவலை என்று இருந்தது, எனக்கு யார் இருக்கிறார்கள், நீதான். அம்மாவிடம் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளாதே என்று சொன்னேன். சொன்னேனா என்று இப்போது சந்தேகம் வருகிறது, சொன்னேன் என்றுதான் நினைக்கிறேன். நீ எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, கவலைப்படாதீங்கப்பா நான் பார்த்துக்கிறேன் என்றாய். எனக்கும் நிம்மதியாக இருந்தது. செவ்வாய்க்கிழமை பார்சல் வந்தது. பிரித்தால் கண்ணாடி மாதிரி கெட்டியான பிளாஸ்டிக், நான்கு மூலையிலும் எலாஸ்டிக், ஒரு ஆள் உட்காருகிற அளவுக்குச் சீட் உறை. அன்று சாயந்திரமே நீ வீடியோவில் வந்தாய். அம்மாவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே, "அம்மா, இனிமே கவலையே இல்ல, நீ என்ன பண்ணாலும் தொடைச்சாப் போச்சு" என்றாய். உனக்குப் பின்னால் மாப்பிள்ளை ஏதோ தட்டை எடுத்துக்கொண்டு போனார், சோபாவில் உன் ஆபீஸ்காரப் பெண் ஒருத்தி இருந்தாள், யாரோ சிரித்தார்கள். அவர்கள் வேறு எதற்கோ சிரித்திருக்கலாம், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் அம்மாவுக்கு அந்த ஒரு நொடியில் இரண்டு விஷயம் தெரிந்துபோயிற்று. ஒன்று, உனக்குத் தெரியும். இரண்டு, நான் சொல்லியிருக்கிறேன். அவள் போனை இடது கையால் மேஜைமேல் கவிழ்த்து வைத்தாள். நெட் போயிடுச்சும்மா என்று உனக்கு நான் பிறகு செய்தி அனுப்பினேன் அல்லவா, நெட் எங்கும் போகவில்லை.

மறுநாள் காலை, நீ சொன்னபடி நான் அந்த உறையைப் போட்டேன். போடும்போதே இது சரியில்லை என்று தோன்றியது, இருந்தாலும் பாப்பா யோசிக்காமல் அனுப்பியிருப்பாளா என்று போட்டேன். நம் கார் நிற்கிற இடத்தில் வலது பக்கம் தூண் இருப்பது உனக்கு நினைவிருக்கும், இடது பக்கக் கதவுதான் அகலமாகத் திறக்கும், அதனால் பின்சீட்டின் இடது பக்கம்தான் அவள் இடம். அம்மா கோலை ஊன்றி இறங்கி வந்து, கதவைத் திறந்து, உட்காருவதற்கு முன்னால் உள்ளங்கையை அதன்மேல் வைத்து அழுத்தினாள். படபடவென்று சத்தம் வந்தது. இது எதற்கு என்று கேட்டாள். தூசி படியாமல் இருக்க என்றேன். அவள் முன்சீட்டைப் பார்த்தாள், பக்கத்துச் சீட்டைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்து, "தூசிக்குன்னா மத்த சீட்டுக்கெல்லாம் எங்க?" என்றாள். அப்படியே திரும்பிப் படியேறத் தொடங்கினாள், நான் பின்னாலேயே போய்ப் பிடித்துக்கொண்டேன். அன்றோடு பயிற்சி அடியோடு நின்றது. அதற்கு முந்தைய இரண்டு தடவை நானே கழுவிய சீட் காயவில்லை என்று நிறுத்தியிருந்தேன், அதற்குப் பிறகு அவள் வண்டியில் ஏற மாட்டேன் என்றாள், ஆட்டோ, டாக்ஸி எதிலும் மாட்டேன் என்றாள். வெள்ளிக்கிழமை பயிற்சி கொடுக்கிற பெண் போன் செய்து, "அங்கிள், தோள் இறுகிடும், இப்ப விட்டா மறுபடி இந்த இடத்துக்கு வர்றது கஷ்டம்" என்றாள். தோள் இறுகினால் என்ன அர்த்தம் என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. தன் தலையைத் தானே வாரிக்கொள்ள வேண்டும் என்பதற்காகத்தான் அவள் ஏழு மாதமாகப் பல்லைக் கடித்துக்கொண்டு போய் வந்தாள்.

சனிக்கிழமை அந்தப் பிளாஸ்டிக்கைக் கழற்றினேன். கழற்றியதும் வந்த நாற்றத்தில் இரண்டடி பின்னால் போனேன். இதில் என் முட்டாள்தனமும் உண்டு. சம்பவம் நடந்த அன்றே யாரும் பார்ப்பதற்குள் முடித்துவிட வேண்டும் என்று ஒரு வாளி சோப்புத் தண்ணீரைச் சீட்டில் கொட்டித் தேய்த்திருந்தேன். துணி சீட்டில் அப்படிச் செய்யவே கூடாது, மேலே துணி இரண்டு நாளில் காய்ந்த மாதிரி இருக்கும், உள்ளே இருக்கிற பஞ்சு நான்கு விரல் கனத்துக்கு ஊறிக்கொண்டே இருக்கும். அதன்மேல் உன் உறையைப் போட்டு மூடியதும் உள்ளுக்குள்ளேயே புழுங்கிப் பூசணம் பிடித்துவிட்டது. அதாவது, நாற்றம் வராமல் இருக்க என்று நீ அனுப்பியது நாற்றத்தை உட்காரவைத்து வளர்த்தது. வேதியியல் படித்தவன் இதை முன்கூட்டியே யோசித்திருக்க வேண்டாமா என்று கேட்டால், வேண்டும்தான். நீ முன்பு ஒரு வீடியோ அனுப்பியிருந்தாய், அதில் ஒருவர் வினிகரையும் சமையல் சோடாவையும் ஒன்றாகக் கொட்டிப் பொங்கவிட்டுக் காட்டினார். பொங்குவது பார்க்க நன்றாக இருக்கும், ஆனால் ஒன்றை ஒன்று தின்று தீர்த்துவிட்டு மிஞ்சுவது உப்புத் தண்ணீர்தான். நான் தனித்தனியாகச் செய்தேன். முதலில் வேக்குவம் கிளீனரால் சந்து பொந்தெல்லாம் இழுத்தேன். வினிகரும் பச்சைத் தண்ணீரும் சரிபாதி, வெந்நீர் கூடாது, கறை துணியோடு ஒட்டிக்கொள்ளும். சாயம் போகிறதா என்று பார்க்க முன்சீட்டின் அடியில் கண்ணுக்குத் தெரியாத ஓரத்தில் சொட்டுக்குழாயால் இரண்டு சொட்டு விட்டுக் காத்திருந்தேன். கீழ்வீட்டு டாக்ஸிக்காரர் அதைப் பார்த்துவிட்டு, சார் சீட்டைச் சுத்தம் பண்றீங்களா இல்ல பரீட்சை வெக்கிறீங்களா என்று கேட்டார். ஆனால் நல்ல மனுஷர், முக்கியமான ஒன்றைச் சொல்லிக் கொடுத்தார். பாத்திரம் கழுவுகிற சோப்பைத் தண்ணீரில் அடித்து, நுரையை மட்டும் பிரஷில் எடுக்க வேண்டுமாம், தண்ணீரைத் தொடவே கூடாதாம், தேய்க்காமல் ஒற்றி ஒற்றி எடுக்க வேண்டுமாம். அப்படியே செய்தேன். துண்டை வைத்து முழங்கையால் அழுத்தி ஈரத்தை இழுத்தேன், சமையல் சோடாவைத் தூவி ஒரு நாள் விட்டு வேக்குவத்தால் எடுத்தேன், மேஜை விசிறியை வயர் இழுத்துக் கதவுக்கு நேரே வைத்தேன். காய்ந்ததா என்று கையால் தொட்டுப் பார்த்தால் ஏமாற்றும், அதனால் டிஷ்யூ தாளை விரித்து அதன்மேல் என் பெரிய அகராதியை ஒரு மணி நேரம் வைத்துப் பார்த்தேன். திங்கட்கிழமை சாயந்திரம் தாள் நனையாமல் வந்தது. குனிந்து முகர்ந்தேன், ஒன்றுமில்லை. எனக்கு எவ்வளவு பெருமையாக இருந்தது தெரியுமா, டாக்ஸிக்காரரைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவர் எட்டிப் பார்த்துவிட்டு, "சுத்தமா இருக்கு சார், ஆனா அந்த எடத்துல மட்டும் லைட் போட்ட மாதிரி இருக்கு. யார் பாத்தாலும் அங்க என்ன ஆச்சுன்னுதான் கேப்பாங்க" என்றார்.

பாப்பா, அவர் சொன்னது உண்மை. நம் கார் சீட்டின் நிறம் சாம்பல் கலந்த நீலம் என்பதையே நான் மறந்துபோயிருந்தேன். இருபத்திரண்டு வருட அழுக்கில் மற்ற எல்லாம் பழுப்பாகிக் கிடக்க, அவள் உட்காருகிற இடம் மட்டும் புதுத்துணி மாதிரி சதுரமாக மின்னியது. கறையை எடுத்துவிட்டு, கறை இருந்த இடத்துக்கு அடையாளம் போட்டு வைத்திருந்தேன். உன் பிளாஸ்டிக்கும் நான் கழுவியதும் ஒரே வேலையைத்தான் செய்திருந்தன. மற்ற சீட்டுக்கெல்லாம் எங்க என்று அவள் கேட்டது காதில் மறுபடி கேட்டது. அதனால் மறுநாள் மற்ற சீட்டுகளை ஆரம்பித்தேன். ஆறு நாள் ஆயிற்று. முதுகு என்ன பாடு படுத்தியது என்பதை எழுதப் போவதில்லை. இரண்டாம் நாள் நான் குனிந்திருக்கும்போது மேலே இருந்து தொப்பென்று ஒரு மூட்டை விழுந்தது, பழைய துண்டுகள். நிமிர்ந்து பார்த்தால் சமையலறை ஜன்னல் சாத்தியிருந்தது. அவள் வருவாளா மாட்டாளா என்று அதை வைத்து என்னால் தீர்மானிக்க முடியவில்லை, ஆனாலும் அந்தத் துண்டுகளைத்தான் பயன்படுத்தினேன்.

என் கோபம் உண்மையில் எங்கே கொதித்தது என்றால், டிரைவர் சீட்டுக்குப் பின்னால் இருக்கிற இடத்தைக் கழுவும்போது. அது உன் இடம். பிரஷ் பட்டதும் வரிசையாக வெளியே வந்தன, சாக்லெட், நகப்பூச்சு, சூயிங்கம், ஒன்பதாம் வகுப்பில் பேனா உடைந்த நீல மை, அதற்கும் அடியில் வட்டம் வட்டமாக உன் வாந்தி. கார் வாங்கிய முதல் மூன்று வருடம் நீ ஏறினாலே வாந்திதான், உனக்கு நினைவிருக்குமோ என்னவோ. நாலு தெரு தாண்டுவதற்குள் உன் முகம் வெளுக்கும். அம்மா பையெல்லாம் தேடமாட்டாள், இரண்டு கையையும் சேர்த்து உன் வாய்க்குக் கீழே ஏந்துவாள். எத்தனை தடவை அப்படி ஏந்தினாள் என்று எனக்குத் தெரியாது, நான் முன்னால் பார்த்து ஓட்டிக்கொண்டிருந்தேன். அந்தச் சீட்டில் யாரும் உனக்குப் பிளாஸ்டிக் விரிக்கவில்லை. விரித்தால் நல்லது என்று ஒருமுறை நான்தான் சொன்னேன், இந்த இடத்தில் பொய் சொல்லக்கூடாது, சொன்னவன் நான், அவள் என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. உன் பள்ளிக்கூடத்துத் தோழிகள் இருவர் ஒருநாள் கூட வந்தபோது நீ அப்படிச் செய்துவிட்டு, அவமானத்தில் அழ ஆரம்பித்தாய். அம்மா உன் காதோடு குனிந்து, "சீட்டுதானே, தொடைச்சாப் போச்சு" என்றாள். முன்சீட்டில் இருந்த எனக்குக் கேட்டது, அந்தப் பிள்ளைகளுக்குக் கேட்கவில்லை. நீ வீடியோவில் சொன்னதும் அதேதான் பாப்பா. ஒருவேளை அவளிடமிருந்தே கற்றுக்கொண்டாயோ, அவளைச் சிரிக்கவைக்கத்தான் சொன்னாயோ என்று ஈரத் துண்டைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் யோசித்தேன். அப்படி யோசித்தும் கோபம் குறையவில்லை, கூடத்தான் செய்தது. அவள் அதை உன் காதில் சொன்னாள். நீ அறை நிறைய ஆட்களை வைத்துக்கொண்டு சொன்னாய். தூரத்தில் இருந்துகொண்டு பார்சல் அனுப்புவது சுலபம், வந்த பார்சலை யார் முன்னால் பிரிக்கிறோம் என்பதை யோசிப்பதுதான் பிள்ளை செய்ய வேண்டிய வேலை. நான் வாயில்லாதவன், அவளுக்கு என்னைவிட்டால் நீதான். நீயும் யோசிக்காவிட்டால் அவள் என்ன செய்வாள், வீட்டுக்குள்ளேயே உட்கார்ந்துவிடுவாள், அதைத்தான் செய்தாள்.

இப்போது அம்மா எப்படி இருக்கிறாள் என்று சொல்கிறேன். நேற்று முன்தினம், திங்கட்கிழமை, நான் துண்டுகளை மடித்துக்கொண்டிருந்தேன், அவள் கிளம்பி வாசல் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். நான் கூப்பிடவில்லை, கூப்பிட எனக்குப் பயம். கீழே வந்ததும் கதவு ஒவ்வொன்றையும் அவளே இடது கையால் திறந்து பார்த்தாள், தூண் பக்கத்துக் கதவைக்கூடச் சாண் அளவு திறந்து எட்டிப் பார்த்தாள். எல்லாத்தையும் எதுக்குக் கழுவினீங்க என்று கேட்டாள். வண்டி பழசாகிவிட்டது, துணி வீணாகக்கூடாது என்றெல்லாம் ஒரு பதில் தயார் செய்து வைத்திருந்தேன், அது வாயில் வரவில்லை. "உன் எடம் மட்டும் தனியாத் தெரிஞ்சுது" என்றேன். அவள் தன் பக்கத்துக் கதவை அகலத் திறந்தாள். பிறகு, "அன்னைக்கே அந்த டயர் கடையில நிறுத்தியிருந்தா இத்தனை சோப்பு மிச்சமாகியிருக்கும்" என்று சொல்லிவிட்டு ஏறி உட்கார்ந்தாள். ஏறியபின் ஒரு நிபந்தனை போட்டாள். தான் சொன்னால் நிறுத்த வேண்டும், பின்னால் எத்தனை பேர் ஹாரன் அடித்தாலும் நிறுத்த வேண்டும். சரி என்றேன். பயிற்சியில் கை முன்பு எழும்பியதில் பாதிதான் எழும்பியது, ஏழு தடவை போகாததன் பலன், அதற்கு நீயும் நானும்தான் பொறுப்பு. திரும்பி வரும்போது ரயில்வே கேட் திறந்துதான் இருந்தது. அதைத் தாண்டுவதற்கு முன்னால் அவள், நிறுத்துங்க என்றாள். பின்னால் ஒரு பஸ். நிறுத்தினேன். அவன் ஹாரனை அழுத்திய அழுத்தில் என் காது அடைத்தது, ஆனாலும் இறங்கினேன், டயர் கடைக்குள் போனேன். மை மாதிரி கருத்த கையோடு ஒருவர் டயரைப் பிரித்துக்கொண்டிருந்தார். என் மனைவிக்கு உடம்பு சரியில்லை, பாத்ரூம் போக வேண்டும், இங்கே போகலாமா என்று கேட்டேன், குரல் எனக்கே கேட்கவில்லை, இன்னொரு தடவை கேட்டேன். அவர், இதுக்கா சார் கையைக் கட்டிட்டு நிக்கிறீங்க, உள்ள எடது பக்கம், கூட்டிட்டு வாங்க என்று சொல்லிவிட்டு வேலையைத் தொடர்ந்தார். அவ்வளவுதான் பாப்பா. மூன்று வாரமாக ஒரு வீட்டையே முடக்கிப் போட்ட விஷயம், அந்த மனிதருக்கு நிமிர்ந்து பார்க்கிற அளவுக்குக்கூட இல்லை. ஓடி வந்து கதவைத் திறந்தேன். அம்மா அசையாமல் உட்கார்ந்திருந்தாள். "வேணாம், ஓட்டுங்க. கேப்பீங்களான்னு பாத்தேன்" என்றாள். கடைக்குள் போய் வேண்டாம் என்று சொல்ல எனக்கு மறுபடியும் தைரியம் இல்லை, வாசலில் நின்று கையை மட்டும் ஆட்டிவிட்டு வந்து வண்டியை எடுத்தேன். கண்ணாடியில் பார்த்தால் சிரித்துக்கொண்டிருந்தாள், வாயின் ஒரு பக்கம் மட்டும்தான் சிரிக்கிறது, ஆனால் சிரித்தாள். என்னைப் பார்த்துத்தான் சிரித்தாள், அதில் எனக்கு வருத்தமில்லை.

இந்தக் கடிதத்தை எழுதும்போது பக்கத்தில் வந்து நின்று யாருக்கு என்று கேட்டாள், சொன்னேன். கோவமா எழுதறீங்களா, உங்களுக்கு அது வராதே என்றாள். வந்திருக்கிறதா என்று நீதான் சொல்ல வேண்டும். அந்த உறையை டாக்ஸிக்காரரிடம் கொடுத்துவிட்டேன், மழைக்கு வண்டிக் கூரையில் இருக்கிற ஸ்டெப்னி டயர்மேல் போட்டுக்கொள்கிறார். இனி எதையும் அனுப்பாதே. உன் பழைய இடத்தில் எல்லாம் போய்விட்டது, அந்த நீல மை மட்டும் நுரைக்கும் அசையவில்லை, நீ வந்து உட்கார்ந்தால் அதை மறைத்துக்கொள்ளலாம். நீயும் மாப்பிள்ளையும் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள், நேரத்துக்குச் சாப்பிடுங்கள், உங்களுக்கு ஒரு குறையும் வராது, என் ஆசீர்வாதம் எப்போதும் உண்டு, கோபம் இருக்கும்போதும் உண்டு. ஒன்றை மட்டும் மறக்காதே. அம்மாவுக்கு நீ போன் செய்ய வேண்டும், வீடியோ வேண்டாம். அறையில் யாரும் இல்லாதபோது, கதவைச் சாத்திக்கொண்டு, மன்னிப்பு என்று பெரிதாக ஆரம்பிக்காமல், அன்றைக்கு அவள் உன்னிடம் பேசிய மாதிரி, காதோடு பேசு.

இப்படிக்கு,
உன்மேல் இன்னும் கோபமாக இருக்கும்
அப்பா